கிண்ணத்தில் இரண்டு விரல் இடம்

என் பெயர் சிகின்.
வடக்கின் பழங்கதைகளில் எனக்கு
மொத்தம் நாலு வரி.
அதில் இரண்டரை
என் புருஷனைப் பற்றி.

இப்போது மரீன் பரேட்டில் இருக்கிறேன்,
கடலைத் தூர்த்து எழுப்பிய மண்ணில்,
வீவக புளோக்கின் பத்தொன்பதாம் மாடியில்.
சன்னலுக்கு வெளியே கப்பல்கள் நின்றபடி உறங்கும்.
உள்ளறையில் மூன்று கல்மேல்
லோகி கட்டுண்டு கிடக்கிறான்.
தோளுக்கு ஒரு கல், இடுப்புக்கு ஒன்று,
முழங்கால் மடிப்புக்கு ஒன்று.
லிஃப்டில் கல்லேற்றிய அன்று
"மீன்தொட்டி வைக்கவா?" என்றார் எதிர்வீட்டு குவேக்.
ஆமாம் என்றேன்.

கூரையில் பாம்பு.
அப்பனைக் கொன்ற கணக்குக்காக
மேல்வீட்டு ஸ்காதி தொங்கவிட்டது.
நகர மன்றத்திலிருந்து வந்த பையன்
டார்ச் அடித்து அண்ணாந்து பார்த்தான்.
"மேல்மாடிக் கசிவு.
ரெண்டு வீடும் பாதிப்பாதி கட்டணும்."
எழுதிக்கொண்டு போய்விட்டான்.
பாதி எப்போதோ கட்டிவிட்டேன், தம்பி.

சொட்டு.

எவர்சில்வர் ஒரு வாரத்தில் ஓட்டையானது.
தேக்காவில் வாங்கிய பித்தளை மூன்று மாதம்.
இப்போது கையில் இருப்பது நீலக்கரை போட்ட எனாமல் கிண்ணம்.
நோன்புக்கஞ்சி ஊற்றி ரொஹானா கொடுத்தனுப்பியது.
இன்னும் திருப்பிக் கொடுக்கவில்லை.

சொட்டு.
கை மாற்றுகிறேன்.

அவன் பேசுவான். வாய்க்கு என்றைக்குக் குறை.
பொன்கூந்தலைக் கத்தரித்தது,
பெண்குதிரையாகிப் பிள்ளை பெற்றது,
ஒரு புல்லுருவிக் குச்சியால் பால்டரைச் சாய்த்தது,
எல்லாம் சிரிக்கச் சிரிக்க.
ஒன்றை மட்டும் சொல்லமாட்டான்.
நானும் கேட்கமாட்டேன்.

கிண்ணம் நிறைந்துவிடும்.
குளியலறைக்குப் பதினோரு எட்டு,
திரும்பப் பதினொன்று.
அதற்குள் ஒரு சொட்டு அவன் முகத்தில் விழும்.
துடிப்பான்.
புளோக் ஆடும்.

விளக்குகள் ஊசலாட, குவேக் வீட்டுத் தொட்டியில் நீர் ஒரு பக்கம் சாய,
பத்தொன்பது மாடியும் படியிறங்கும்:
பூனையோடு ஒருத்தி, துண்டோடு ஒருவர்,
பாஸ்போர்ட்டை மட்டும் எடுத்துக்கொண்டு பத்தாம் மாடிப் பெண்.
வாய்ட் டெக்கில் கூடி நின்று
சுமத்ராவில் நிலநடுக்கமாம் என்பார்கள்.
கட்டடத்துக்குப் பாதிப்பில்லை என்று
குறுஞ்செய்தி வரும்.
அது சரிதான்.

"உங்களை மாதிரி ஒருத்தி புருஷனுக்காக…"
லிஃப்டில் கண்கலங்கினாள் சௌதாமினி.
அவள் வாயில் கற்புக்கரசி என்ற சொல் தயாராக இருந்தது.
நல்லவேளை, ஏழாம் மாடி வந்துவிட்டது.

அவனைக் கட்டியிருப்பது கயிறில்லை.
என் நார்வி.

மூத்தவன் வாலியை ஓநாயாக்கினார்கள் தேவர்கள்.
ஓநாய் தம்பியைக் கிழித்தது.
கிழிந்த வயிற்றிலிருந்து உருவி
அப்பனைச் சுற்றி முடிச்சிட்டார்கள்.
முடிச்சு விழுந்ததும் குடல் இரும்பானது.
இதெல்லாம் கதையில் வரும்.
அந்த வயிற்றில் வாய்வைத்து ஊதினால்
நார்வி உருண்டு உருண்டு சிரிப்பான் என்பது
வராது.

விஷம் கன்னத்தில் வழிந்தால்
அடுத்தது தோள்.
தோளில் முதல் முடிச்சு.
அதற்குத்தான் இந்தக் கிண்ணம்.

இரும்பு அறுந்தால் அவன் எழுவானாம்,
உலகம் முடியுமாம்.
முடிந்தால் முடியட்டும்.
நான் பார்ப்பது இரும்பை.

சில இரவுகளில் கடற்கரைப் பூங்காவில் ஒரு ஊளை.
நாய் என்கிறார்கள்.
சன்னலைத் திறந்தே வைத்திருக்கிறேன்.
திறந்தால் உப்புக்காற்று வருகிறது,
உப்புக்காற்றில் முடிச்சுகள் துருவேறுகின்றன.
ஒரு பிள்ளைக்குத் திறந்த சன்னல்
இன்னொரு பிள்ளையைத் தின்கிறது.
மூடவும் மனம் வரவில்லை.

வலக்கையில் கிண்ணம்.
இடக்கை விரலில் தேங்காயெண்ணெய் தொட்டு
முடிச்சு முடிச்சாகத் தடவுகிறேன்,
இடுப்பருகே இருப்பதை மட்டும் மெதுவாக,
அங்கே அவனுக்குக் கூசும்.

தனக்கென்று நினைத்து
லோகி நன்றி சொல்கிறான்.

பேசாமல் படு என்கிறேன்.
கிண்ணத்தில் இன்னும்
இரண்டு விரல் இடம் இருக்கிறது.