செவ்வாய், பத்து மணி

எம்டனில் என் சலூனுக்கு
ஞாயிறும் திங்களும் விடுமுறை.
இருபத்தாறு வருடமாக அப்படித்தான்.
அதனால் டிரெஸ்டன் போய்வரத் திட்டம் போட்டபோது
கிழமையை யோசிக்கவே இல்லை,
நேரத்தைத்தான் யோசித்தேன்.

எனக்குத் தெரிந்த காலக் கணக்கு ஒன்றுதான்.
ஆண்களுக்கு இருபது நிமிடம்,
பெண்களுக்கு நாற்பது,
சாயம் பிடிக்க முப்பத்தைந்து.
முன்பதிவு நோட்டின் கடைசிப் பக்கத்தில்
அதே கட்டங்களைப் போட்டு நகரத்தை நிரப்பினேன்:
குவிமாடத் தேவாலயம், ஆண் தலை ஒன்று.
பீங்கான் கூடம், பெண் தலை ஒன்று.
ஆற்றங்கரைக் காப்பி, சாயம் பிடிக்கும் நேரம்.
பழைய ஓவியங்களின் கூடத்துக்கு மட்டும்
மணப்பெண் அலங்காரத்தின் அளவுக்கு
மூன்று மணி நேரம்.

நாற்காலியில் உட்கார்ந்தவர்கள் ஆளுக்கொன்று சொன்னார்கள்.
கத்தரிக்கோல் காதருகே இருக்கும்போது
யாருக்கும் வாய் சும்மா இருப்பதில்லை.
பல் மருத்துவர் ஃபோல்கெர்ட்ஸ்,
ஓபரா அரங்கைப் பார்க்காமல் வராதே என்றார்.
நீங்கள் பார்த்தீர்களா?
வெளியிலிருந்து, என்றார்.
தபால்காரர் ஹாயோ கடுகு வாங்கி வரச் சொன்னார்.
திருமதி ஒக்கென்,
செவ்வாய் பத்து மணி, சுருட்டி உலர்த்த,
ஒன்பது வருடம் முன்பு அங்கிருந்து
ஓர் அஞ்சலட்டை கொண்டுவந்து தந்தார்.
என் கண்ணாடி ஓரத்தில் செருகியிருக்கிறேன்.

சன்னலோரம் நின்று ஒருத்தி கடிதம் படிக்கிறாள்.
கடிதத்தில் என்ன என்பது மற்றவர்கள் கேள்வி.
பின்னந்தலையில் அந்தக் கொண்டை
எதைப் பிடித்துக்கொண்டு நிற்கிறது என்பது என் கேள்வி.
ஊசியா, நாடாவா?
திருமதி ஒக்கெனைக் கேட்டேன். கவனிக்கவில்லையாம்.
அட்டையோ மங்கிவிட்டது,
மேலே ஒன்பது வருட ஸ்ப்ரே.

ரெம்மர் துறைமுகத்தில் கப்பலுக்குள் கார் ஏற்றுகிறவர்.
ஒரு சாண் இடைவெளியில் வண்டியை நிறுத்தும் மனிதருக்கு
ரயில்மீது மட்டும் நம்பிக்கை கிடையாது.
"லைப்சிக்கில் வண்டி மாற ஒன்பது நிமிடமாம்.
அந்த ஒன்பது நிமிடம் காகிதத்தில்தான் ஓடும்"
என்று ஒரு மணி நேரத்தைச் சேர்த்தார்.
காப்பி போயிற்று.
பீங்கானும் போயிற்று.

போன வெள்ளி இரவு
தேநீரோடு நுழைவுச்சீட்டு எடுக்க உட்கார்ந்தேன்.
ஞாயிறு போய்ச் சேரவே அந்தி ஆகிவிடும்.
திங்களைத் தொட்டேன். சாம்பல் நிறம்.
அடுத்த திங்களைத் தொட்டேன். சாம்பல்.
அடுத்த மாதம், அதற்கடுத்த மாதம்,
திங்கள்கள் வரிசையாகச் சாம்பல் பூத்துக் கிடந்தன.
ஓவியங்களுக்கும் அன்றுதான் விடுமுறையாம்.
அவளும் நானும் ஒரே நாளில் கதவைச் சாத்திக்கொண்டு
இருபத்தாறு வருடம் இருந்திருக்கிறோம்.

சூடு பட்டுக் கோப்பையில் கற்கண்டு வெடித்தது.
ரெம்மர் கைபேசியில் படத்தைப் பெரிதாக்கி நீட்டினார்.
"இதோ உன் கொண்டை."
பெரிதாகப் பெரிதாக
முடி சதுரம் சதுரமாக உடைந்தது.
போதும், வையுங்கள் என்றேன்.

இன்று காலை, வரும் செவ்வாய் கடை இல்லை என்று எழுதிக்
கதவில் ஒட்டினேன்.
முதல் அழைப்பு திருமதி ஒக்கென்.
"என் பத்து மணி என்னாவது?"
டிரெஸ்டன். நீங்கள்தானே பார்க்கச் சொன்னீர்கள்.
"பார்க்கத்தான் சொன்னேன்.
செவ்வாய்க்கிழமையா பார்க்கச் சொன்னேன்?"
அப்புறம் பேச்சில்லை.
மறுமுனையில் அவர் வீட்டுக் கடிகாரம் கேட்டது.
"எனக்கென்னவோ நாடா என்றுதான் தோன்றுகிறது,"
என்றார் கடைசியில்.
"புதன் எட்டரைக்கு இடம் இருக்கிறதா?"

இருந்தது. எழுதிக்கொண்டேன்.
செவ்வாய், பத்து மணிக் கட்டத்தில்
ஒக்கெனை அடித்துவிட்டுச்
சன்னலோரப் பெண் என்று போட்டேன்.
அதற்குக் கீழே, பென்சிலில்,
கடுகு.