கண்ணாடிக்கு இந்தப் பக்கம்

சவுரிமுடிக் கடைக்கும்
பொரித்த கோழிக் கடைக்கும் நடுவே
எங்கள் கடை.
பதினைந்து நிமிடத்தில் பணம் என்று
ஜன்னலில் எழுதியிருக்கும்.
திருப்பித் தர எத்தனை காலமென்று
எழுதவில்லை.

முன்பு இந்தத் தெருவில் ஒரு வங்கி இருந்தது.
எங்கள் நிறம் தெருவில் கூடக் கூட
மலைக்கு அந்தப்பக்கம் நகர்ந்துவிட்டது,
தரைக் கம்பளத்தோடு.

ஒனீட்டா க்ரம்ப்டன் வருகிறார்.
இரவெல்லாம் மருத்துவமனைத் தரை துடைத்த கைகள்
கண்ணாடித் துளைக்குள் நீளும்போது
பிளீச்சிங் வாசனை.

வாங்கியது முந்நூறு டாலர்.
ஆகஸ்டில், கார் நடுரோட்டில் நின்றபோது.
ஆறு மணிக்குமேல் பேருந்து வராத பேட்டையில்
கார் இல்லையென்றால் வேலை இல்லை,
வேலை இல்லையென்றால் கார் எதற்கு.
இரண்டு வாரத்துக்கொரு முறை
ஐம்பத்திரண்டரை டாலர் வட்டி கட்டி
கடனை அடைத்த மாதிரி அடைத்து
அதே மூச்சில் மறுபடி எடுக்கிறார்.
இது ஆறாவது தடவை.
முந்நூற்றுப் பதினைந்து போயாயிற்று.
முந்நூறு
முந்நூறாகவே இருக்கிறது,
குளிப்பாட்டித் தொட்டிலில் போட்ட குழந்தை மாதிரி
அலுங்காமல்.

நான் கல்லூரியில் படித்தது கணக்கியல்.
எனக்கு இதெல்லாம் மனக்கணக்கு.
படிக்க வாங்கிய கடன்
பட்டம் வாங்கிய அன்றைவிட
இன்று நாலாயிரம் அதிகம் என்பதும்.

சிரியுங்கள், பெயர் சொல்லி அழையுங்கள் என்கிறது
கம்பெனிக் கையேடு.
“நன்றி, ஒனீட்டா” என்கிறேன்.
ஞாயிறு காலை தேவாலயப் பாடகர் வரிசையில்
என் இடது தோளை உரசி நிற்பவர்.
ஒரே பாட்டுப் புத்தகத்தை
ஆளுக்கொரு ஓரம் பிடித்திருப்போம்.
என் சுருதி நழுவினால்
அவர்தான் மெல்ல இழுத்துப் பிடிப்பார்.
இங்கே இருவரும்
பேனாவைக் கட்டியிருக்கும் சங்கிலியைப் பார்க்கிறோம்.

அவர் மகன் ட்ரெமெய்ன்
மிட்டாய்க் கிண்ணத்தைத் துழாவி
கடைசிச் சிவப்பை எடுக்கிறான்.
இலவசம்.
எங்களிடம் இலவசம் அது ஒன்றுதான்.

வட்டியெல்லாம் எந்த ஊருக்குப் போகிறதென்று
எனக்குத் தெரியாது.
முதலாளியை நான் பார்த்ததில்லை.
என் சம்பளம் மணிக்குப் பன்னிரண்டு.

ஆறு மணி. ஷட்டரை இறக்குகிறேன்.
ஊழியர்கள் சொந்தக் கடையில் கடன் வாங்கக் கூடாதாம்.
நல்ல விதி.
நாலு வழிச் சாலையைக் கடந்து
எதிரே மஞ்சள் பலகைக்குக் கீழே நுழைகிறேன்.
கண்ணாடிக்கு அந்தப் பக்கம் ஷவோன்,
சிரித்து,
பெயர் சொல்லி:
“போன தடவை மாதிரியேதானே, டெல்ஃபீன்?”

இங்கேயும் ஒரு கிண்ணம்.
இங்கேயும் சிவப்பு தீர்ந்திருக்கிறது.