எடைமேடை

லாரி வராத மத்தியானங்களில்
நானே ஏறி நிற்பேன்.
பத்துக் கிலோவுக்குக் கீழே இந்த மேடைக்குக் கணக்குத் தெரியாது.
போன ஆடியில் அறுபது.
தீபாவளிக்கு ஐம்பது.
தை பிறந்தபோது நாற்பது.
இடையில் கரைந்ததற்கு ரசீது கிடையாது.

செட்டிச்சாவடிப் பக்கமிருந்து வெள்ளைக்கல் வரும்.
மேசை, கால்குலேட்டர், என் இமைமயிர்,
எல்லாவற்றிலும் வெள்ளைத் தூள்.
அதற்குள் உட்கார்ந்து நான் மட்டும்
கறுத்துக்கொண்டே போனேன்.
"வெயில்ல சுத்தறியா சௌடம்மா?" என்றாள் நாத்தனார்.
சிமெண்ட் அட்டைக் கூரைக்குக் கீழே எனக்கேது வெயில்.
முல்தானி மட்டி வாங்கித் தந்தாள், பூசினேன்.
ஈறுகள் கறுத்ததற்கு எதைப் பூச?

உப்பு.
தட்டுவடை செட்டில் உப்புப் போதவில்லையென்று
கடைக்காரரோடு சண்டை.
ஊறுகாய் ஜாடியில் அடித்தண்ணீர்.
கல்லுப்பைக் கன்னத்தில் ஒதுக்கிக்கொண்டு
மொத்த எடை, வண்டி எடை, சரக்கு எடை
அடித்துக்கொண்டிருந்தேன்.
டிரைவர் மாதையன் பார்த்துவிட்டான்.
"எங்கூட்டு எருமதான் இப்பிடி உப்பு நக்கும்."
சிரித்தான்.
அடுத்த நடைக்கு வந்தபோது சிரிக்கவில்லை.

முதலில் தைராய்டு என்றார்கள்.
மாத்திரை தொடங்கிய மூன்றாவது வாரம்
ரசீது கிழிக்க எழுந்தேன்,
சன்னலில் தெரிந்த சேர்வராயன் மலை
பக்கவாட்டில் சாய்ந்தது.
பெரியாஸ்பத்திரிக்குப் போனது மாதையன் வண்டியில்,
பதினாறு டன் கல்லோடு.

ஷம்ஷாத் என்று ஒரு சின்ன டாக்டர்.
என் உள்ளங்கையை விரித்து
ரேகை பார்த்தாள், வெகுநேரம்.
ஆயுள் ரேகை, புத்தி ரேகை
எல்லாம் மை தொட்டு இழுத்த மாதிரி.
"கிட்னிக்கு மேல தொப்பி மாதிரி ரெண்டு சுரப்பிக்கா.
ரெண்டும் வேலைய நிறுத்திருச்சு."
பின்னாலேயே சர்க்கரை ரிப்போர்ட்டும் வந்தது.
கணையமும் அதே கூட்டு.

யார் பண்ணியது?
நானேதானாம். என் ரத்தமேதானாம்.

என் சன்னலில் முதல் கேள்வி
உள்ளூர் வண்டியா, வெளிவண்டியா.
பதினோரு வருஷத்தில் ஒரு தடவை தப்பாக எழுதியதில்லை.
உள்ளே ஒருத்தி
சொந்த வண்டிகளையே மறித்து
ஒவ்வொன்றாய்க் கொளுத்துகிறாள்.
திட்டலாமென்றால்
அவளும் என் சோற்றைத்தான் தின்கிறாள்.

இப்போது கை நிறைய மாத்திரை.
காய்ச்சலென்றால் இரட்டிப்பு.
வயிற்றில் ஊசி, சாப்பாட்டுக்கு முன்னால்.
பர்சில் ஓர் அட்டை, மயங்கிக் கிடந்தால்
என்ன செய்யவேண்டுமென்று.
மாதையனுக்குப் படிக்கத் தெரியாது,
சொல்லச்சொல்லி மனப்பாடம் செய்துவிட்டான்.
டீக்கடையில் எல்லோருக்கும் ஒப்பிக்கிறான்:
"ஊசி மொதல்ல, கேள்வியெல்லாம் அப்பறம்."

மேடை மறுபடி ஐம்பது காட்டுகிறது.

நேற்று முழங்கையில் ஒரு வெள்ளைப் பொட்டு.
கல்தூள் என்று துடைத்தேன்.
முந்தானையை நனைத்துத் துடைத்தேன்.
போகவில்லை.
வெளியே ஹாரன் அடித்துக்கொண்டிருந்தார்கள்.