மஞ்சினி தெரிந்த நொடிகள்

வைத்திக்குப்பத்தில் நாலு தெருவுக்குக்
கேபிள் இழுத்தவன் நான்.
மஞ்சினி வீட்டில் மட்டும்
மாசக் காசு வாங்கியதில்லை.
கேட்டால் அவன் அக்கா தமயந்தி
"எங்க தம்பியக் காட்டறதுக்கு
எங்ககிட்டயே காசா?" என்பாள்.

ஏழு சீசன். மூன்று கிளப்.
கொல்கத்தா, கோவா, பிறகு ஷில்லாங் குளிர்.
எங்கே போனாலும் இரண்டாவது கோல்கீப்பர்.
அதாவது, பச்சை மேல்சட்டை மாட்டிக்கொண்டு
பெஞ்சில் உட்கார்ந்திருப்பவன்.

கோச்சைத் தேடிப் போகும் கேமரா
வழியில் இவனைத் தொட்டுவிட்டுப் போகும்.
ஒரு நொடி. ஒன்றரை.
ஒருமுறை கொட்டாவி விட்டான், ஊரே பார்த்தது.
ஒருமுறை யாருக்கோ தண்ணீர் பாட்டில் எறிந்தான்,
அதை மெதுவாக ஓடவிட்டு
மறுபடியும் காட்டினார்கள்.
முத்தியால்பேட்டைக் கடையில் வாங்கிய
எண்பது பக்க நோட்டில்
தமயந்தி எல்லாம் எழுதினாள்:
தேதி, யாரோடு ஆட்டம், எத்தனை நொடி.
கொட்டாவிக்கு நேரே
'ராத்திரி தூங்கல போல'.

அந்த ஆட்டம் மாசிமகத்தன்று.
தீர்த்தவாரி முடிந்து சாமிகள் திரும்பும் நேரம்.
அறுபத்தெட்டாவது நிமிடம்
முதல் கீப்பருக்குத் தொடை பிடித்துக்கொண்டது.
கமெண்டரிக்காரர் 'மான்ஜீனி' என்றார்,
இத்தாலிக்காரனைக் கூப்பிடுவதுபோல.
மேளக்காரரைக் கையைப் பிடித்து நிறுத்தினேன்.
வாசலெல்லாம் ஆள்.

மீதி இருபத்திரண்டு நிமிடம், கூடுதலாக நாலு.
பந்து அந்தப் பக்கமே கிடந்தது.
மூன்று கார்னர், ஒரு தள்ளுமுள்ளு,
ஒரு மஞ்சள் அட்டை.
பந்து இல்லாத இடத்தில்
கேமராவுக்கு என்ன வேலை?
கையுறையைத் தட்டிக்கொண்டிருந்திருப்பான்.
இடது கம்பத்தை இரண்டு தரம் உதைத்திருப்பான்,
உப்பளம் மைதானத்தில் செய்வானே, அப்படி.
எல்லாரும் திரையைப் பார்த்தோம்.
தமயந்தி மட்டும் பெட்டிக்கு வலப்பக்கம்
சுண்ணாம்புச் சுவரைப் பார்த்தாள்.
அங்கேதான் எங்கோ நின்றுகொண்டிருந்தான்.

நோட்டில் அன்றைக்கு:
'ஆடியது 26 நிமிஷம்.
காட்டியது 4 நொடி, உள்ளே ஓடும்போது.'

இப்போது முழங்கால் போய்விட்டது.
சென்னை ஸ்டூடியோவில் கோட்டு, முகத்தில் பவுடர்,
காதுக்குள் யாரோ பேசும் ஒயர்.
ஞாயிறுதோறும் நாற்பது நிமிடம்
மார்புவரை தெரிகிறான்.
"மேசைக்கு அடியில கைலிதாண்டா" என்று
போனில் சிரித்தான்.

போன வாரம் ஒரு கோலைப் போட்டுக் காட்டி
தடுத்திருக்கலாமா என்றார்கள்.
அதற்கு அவன்,
"அது இருக்கட்டும்,
எதிர்முனைக் கீப்பர் அப்ப என்ன பண்ணாரு,
அவரக் காட்டுங்க" என்றான்.
அந்தக் காட்சி அவர்களிடம் இல்லை.
இருக்கிறதா என்று அவன் இரண்டாம் தரம் கேட்டபோது
சிமெண்ட் விளம்பரம் வந்துவிட்டது.

தமயந்தி நோட்டில் எழுதுவதை விட்டுவிட்டாள்.
"எவ்ளோன்னு எழுதறது."
இந்த மாசம் என்னைக் கூப்பிட்டு
கேபிள் காசை எண்ணிக் கையில் வைத்தாள்.
எதிலிருந்து எதுவரைக்கும் என்று
ரசீது போடத் தெரியாமல்
வாசலில் நின்றுகொண்டிருந்தேன்.