புல எண் 214/3

பன்னிரண்டு அடி அகலம் என்று
நீதிமன்றம் எழுதியிருந்தது.
நான்கு வாரத்துக்குள் என்றும்.
நாலு வாரம் பதினாலு மாதமான பிறகு
ரங்காத்தாள் அவமதிப்பு மனு போட்டாள்.
அன்றைக்குத்தான் எங்கள் ஆபீசுக்கு
முத்தூருக்குப் போகும் வழி தெரிந்தது.

விடியுமுன் ஜீப்.
ஆர்.ஐ., வி.ஏ.ஓ., இரண்டு போலீஸ்,
டேப்போடு சர்வேயர் நான்.
கொழுக்கட்டைப் புல்லில் பனி காயவில்லை.
கிளுவை வேலியில் ஜேசிபி
ஒரே ஒரு வாய் எடுத்தது.
இவ்வளவு லேசா, என்றது ஒரு குரல்.
என்னுடையதாகவும் இருக்கலாம்.

தேதி, நேரம், அட்சரேகை
தானே விழும் கேமராவில் மூன்று படம்.
மூன்றாவதில் அவளை நிற்கவைத்தோம்,
இதுதான் சுடுகாட்டுப் பாதையென்று
கை நீட்டிக் காட்டச் சொன்னோம்.
நீட்டினாள்.
வேலிக்கு அந்தப்புறம் தோட்டத்துக்காரர்
மாட்டுக் கயிற்றைப் பிடித்தபடி பார்த்துக்கொண்டிருந்தார்,
எங்களை அல்ல.

அன்றிரவே அதிகாரி சேரனில் ஏறினார்.
மறுநாள் பதினொன்றரைக்கு
நிபந்தனையற்ற மன்னிப்பு.
உத்தரவு நிறைவேற்றப்பட்டது, படங்கள் ஏழாம் பக்கம்.
மனு முடித்துவைக்கப்பட்டது.

சேதி சொல்ல நான்தான் போனேன்.
"மன்னாப்புக் கேட்டுப்போட்டாரு அம்மிணி."
"ஆருகிட்டீங்க?"
"கோர்ட்டுகிட்ட."
புளியில் கொட்டை எடுத்துக்கொண்டிருந்த கை
நிற்கவே இல்லை.
"ஐப்பசி மழையில
இடுப்புத் தண்ணிக்குள்ள பள்ளம் தாண்டிப் போனது
கோர்ட்டு ஊட்டுப் பொணமுங்களா?"

கிளுவைக்கு வேர் வேண்டியதில்லை.
வெட்டிய போத்தை ஊன்றினால்
ஒரு மழைக்குத் துளிர்த்துவிடும்.
ஊன்றியது யாரென்று விசாரிக்க
எங்களுக்கு உத்தரவில்லை.

போன ஞாயிற்றுக்கிழமை
யாரும் அனுப்பாமல் போய் அளந்தேன்.
டேப் கொண்டுபோகவில்லை, காலடிதான்.
இரண்டரை அடிக் கடவு.
ஆடு போகும்.
ஆள் ஒருவர் உடம்பை ஒருக்களித்துப் போகலாம்.
பாடை ஒருக்களிக்காது.

இப்போது வேறொரு மனு வந்திருக்கிறது.
கட்டண வில்லை ஒட்டி, கைநாட்டு வைத்து:
ஏழாம் பக்கத்து மூன்றாவது படத்துக்கு
எனக்கொரு நகல் வேண்டும்.
நோக்கம் என்ற கட்டத்தில்
"நான் கை காட்டின எடத்தக் கண்டுபிடிக்க."

கோப்பு என் மேசையில்.
முப்பது நாள் அவகாசம்.
இன்றைக்கு இருபத்தாறு.