பிழை அறிக்கை

பீல் நகரத்தில் ஒவ்வொரு தெருவுக்கும் இரண்டு பெயர்,
ஒரே பலகையில் மேலே ஜெர்மன், கீழே பிரெஞ்சு.
கடிகாரத் தொழிற்சாலைக்குப் பின்பக்கம்
நிலக்கீழ் அறையொன்றில் எனக்கு இரவு வேலை:
பிறர் எடுத்த படங்களில் பிழை தேடுவது.

இந்த வாரம் ஒரு காலப்பயணத் திரில்லர்.
முதலில் வந்த கோப்பின் பெயர் ‘இறுதி’.
அடுத்தது ‘மெய்யான இறுதி’.
இன்றைக்கு ‘மெய்யான இறுதி ஏழு’.
நாயகனே ஒரு கொலையைத் தடுக்க
மூன்று முறைதான் திரும்பிப் போகிறான்.

திரையரங்குக்கு நொடிக்கு இருபத்து நான்கு படங்கள்.
இங்கே தொலைக்காட்சிக்கு இருபத்தைந்து.
புதிதாக ஒன்றை யாரும் வரைந்து சேர்ப்பதில்லை,
கொஞ்சம் விரட்டி ஓட்டுவார்கள், அவ்வளவுதான்.
குரல்கள் அரைச் சுரம் ஏறும்.
நூறு நிமிடப் படம் தொண்ணூற்றாறில் முடியும்.
மிச்ச நான்கையும் யார் வீட்டுக்குக் கொண்டுபோனது
என்று ரேட்டோவிடம் கேட்டேன்.
பாணைக் கடித்தபடி சொன்னான்:
“வரி பிடித்திருப்பார்கள்.”

பிறகு அமுக்க வேண்டும்.
வட்டுக்குள் அடங்க ஒரு அளவு,
கைபேசிக்குள் நுழைய இன்னொரு அளவு.
எல்லாவற்றையும் முழுசாய்ச் சேமிக்க இடமில்லை.
எப்போதாவது ஒன்றுதான் முழுப்படம்,
மற்றதெல்லாம் கடன்காரர்கள்.
சிலது போனதிடம் மட்டும் கைநீட்டும்.
சிலது இரண்டு பக்கமும்:
போனதிடம் தோளை, வரப்போவதிடம் கண்ணை.
ஆகவே வரப்போவது முந்திக்கொண்டு வந்து
இருட்டில் காத்திருக்கும்
தன் முறை வரும்வரை.

இதை ரேட்டோ அம்புக்குறி போட்டு விளக்கினான்.
எனக்கு அம்புக்குறி தேவைப்படவில்லை.
என் மொழியில் ‘முன்’ என்றால் போன வருடமும்தான்,
முகத்துக்கு நேரே நிற்கிற கதவும்தான்.
‘பின்’ என்றால் முதுகுப்பக்கமும்தான், இனிமேலும்தான்.
போனதைப் பார்த்துக்கொண்டு
வரப்போவதற்கு முதுகு காட்டி நிற்கிறோம்.
பஸ் தரிப்பிடத்திலும் நான் அப்படித்தான் நிற்பேன்.

ஒரு மணி, பன்னிரண்டு நிமிடம், ஏழு நொடி,
பத்தொன்பதாவது படம்.
பாலத்தில் நாயகன் சுடப்பட்டு விழுகிறான்.
வெட்டு. சமையலறை. மனைவி,
ஒன்றும் தெரியாமல் வெங்காயம் அரிகிறாள்.
அங்கே வரவேண்டிய முழுப்படம் வரவில்லை.
அவளுடைய அசைவு மட்டும் வந்தது.
அசைக்க முகம் இல்லாமல்
செத்தவன் முகத்தை எடுத்துக்கொண்டது.
அவள் சிரிக்க அவன் கன்னம் இழுபட்டது.
அவள் திரும்ப அவனுடைய திறந்த கண் திரும்பியது.
பாலத்துக் கம்பி அவள் கையாய் வளைந்து
மேலும் மேலும் அரிந்தது.
மூன்று நொடி.
பிறகு சமையலறை தெளிந்துவிட்டது, அவள் மட்டும் இருந்தாள்.

பதினொரு தரம் பார்த்தேன்.

கருணேஸ் போய்ப் பத்தொன்பது மாதம்.
அவன் இருமுகிற மாதிரித்தான் இருமுகிறேன்,
சளி இல்லாத நாளிலும்.

படிவத்தில் மூன்று பெட்டிகள்:
சிறிது, பெரிது, வெளியிட முடியாதது.
மூன்றாவதில் குறியிட்டேன். அதற்குத்தானே சம்பளம்.
விளக்கம் என்ற இடத்தில்
‘முந்திய காட்சியின் மிச்சம், போகவில்லை’
என்று ஜெர்மனில் எழுதினேன்,
கீழே பிரெஞ்சில்.

விடிந்து, கோட்டை மாட்டும்போது
லொசானிலிருந்து மதாம் பெர்ரேயின் பதில்:
நன்றி, எட்டில் திருத்திவிட்டோம்.

புதியது வந்தால் பழையதை அழித்துவிட வேண்டும் என்பது விதி.
ரேட்டோ விளக்கை அணைத்துவிட்டு
ஏழு இன்னும் கிடக்கிறதே என்றான்.
நாளைக்கு, என்றேன்.
நாளை எங்கே போய்விடும்,
இங்கேதான் நிற்கிறது, என் முதுகுக்குப் பின்னால்.