நூலாய்வு

பெட்டியைத் திறக்கிறேன்.
ரோட்டர்டாமில் இறங்கி, லாரி மாறி,
ஃபால்மவுத் மழையில் நனைந்து வந்த பெட்டி.
உள்ளே ஒரு சுருள் பட்டு.
எந்தக் கல்யாணத்துக்கும் அல்ல.
ஐஸ்லாந்துக்கும் எங்களுக்கும் நடுவே
ஒரு சரக்குக் கப்பலின் பின்னால் இழுபட்டு
மூன்று நாள் கடலை வடிகட்டிய பட்டு.

கூடவே ரோமெல் எழுதிய சீட்டு.
அவரை நான் பார்த்ததில்லை.
பின்தளத்தில் நின்று கருவியை நீரில் இறக்குபவர்,
இலோயிலோ ஊர்க்காரர் என்ற அளவில் பழக்கம்.
"நாலு மீட்டர் அலை. பத்து நாற்பதுக்கு விட்டோம்.
கயிறு ஒருமுறை சிக்கியது. மன்னிக்கவும்."
ஒவ்வொரு சீட்டிலும் எதற்காவது ஒரு மன்னிப்பு.

பத்துக் கடல்மைல், ஒரு கையகலத் துண்டு.
முதலில் பட்டின் நிறம் பார்க்க வேண்டும்:
வெளிறல், இளம்பச்சை, பச்சை.
அப்புறம் நுண்ணோக்கி.
துடுப்புக்கால் உயிர்கள், அம்புப் புழுக்கள்,
உள்ளே கண் தெரியும் மீன்முட்டை ஒன்று.
இவற்றை எண்ணத்தான் என்னை வேலைக்கு எடுத்தார்கள்.

நூலுக்கு அப்போது படிவத்தில் கட்டமே கிடையாது.
எனக்கு வெகுகாலம் முன் இந்த நாற்காலியில் இருந்த
வின்னிஃப்ரெட் ஹாஸ்கிங்
ஓரத்தில் பென்சிலால் குறித்திருக்கிறாள்:
"சிவப்பு இழை. வலைக்கயிறா?"
அடுத்த ஆண்டு: "மறுபடி இழையா?"
அதற்கும் அடுத்த ஆண்டு கேள்விக்குறியை
எழுதுவதை நிறுத்திவிட்டாள்.

இப்போது கட்டம் உண்டு.
நிறம், நீளம், பிய்ந்த முனை.
சிலர் நூல் படிப்பது போல்
நான் நூல் படிக்கிறேன்.

வியாழக்கிழமை, பதினேழாவது துண்டில்
பன்னிரண்டு நீலம்.
ஒரே துண்டில் இத்தனை நான் பார்த்ததில்லை.
சந்தோஷம் என்று சொல்லக் கூடாது.
ஆனாலும் எண்ணுகிறவளுக்கு எண் கிடைத்தால்
உள்ளே ஏதோ துள்ளுகிறது.
அதற்கும் படிவத்தில் கட்டம் இல்லை.

ஜாகோவைக் கூப்பிட்டேன்.
அவன் பட்டைப் பார்க்கவில்லை.
"வெற்றுத் தட்டைப் பார்த்தாயா?"

நுண்ணோக்கிக்குப் பக்கத்தில் திறந்தே கிடக்கும்,
ஈரத்தாள் விரித்த கண்ணாடித் தட்டு.
அதற்கு ஒரே வேலைதான்:
அறையின் காற்றிலிருந்து விழுவதை வாங்கிக்கொள்வது.
பார்த்தேன்.
ஐந்து நீலம்.

பருத்தி அங்கிக்குக் கீழே
இரண்டு விரற்கடை எட்டிப் பார்த்தது என் ஸ்வெட்டர்.
சந்தையில் கம்பளி என்று நம்பி வாங்கியது.
கழுத்துப்பட்டையைத் திருப்பிப் படித்தான் ஜாகோ:
அக்ரிலிக், அறுபது சதவீதம்.

"பன்னிரண்டில் ஐந்து போனால் ஏழு" என்றேன்,
மீன்கடையில் பேரம் பேசுகிறவள் மாதிரி.
"அந்த நிறமே போகும்" என்றான்.
அவன் சொல்வதுதான் விதி.
எது கடலுடையது, எது என்னுடையது
என்று இனி யாரும் பிரிக்க முடியாது.
ஒரு வேளை பன்னிரண்டும் கடலுடையதாக இருக்கலாம்.
ஒரு வேளை கடலில் இருந்ததும்
யாரோ ஒருத்தியின் கைதானோ என்னவோ.

அடித்தேன். எழுதினேன்.
நீலம்: நீக்கப்பட்டது.
காரணம்: நான்.

ஸ்வெட்டர் இப்போது சமையலறை நாற்காலியில்.
துவைத்தால் அந்தத் தண்ணீர் எந்த வாய்க்காலில் இறங்கி
எந்த ஆற்றைப் பிடித்து எங்கே போகும் என்று
வரைபடமே போட்டுத் தரக்கூடியவள் நான்.
துவைக்காமல் எத்தனை நாள்?
குப்பையில் போடலாம். குப்பை எங்கே போகும்?
குளிர் வேறு ஆரம்பித்துவிட்டது.
நேற்று ராத்திரி அதையேதான் போட்டுக்கொண்டு தூங்கினேன்.

இன்று காலை புதுச் சுருளை ஏற்றினோம்,
இன்னும் எதையும் பார்க்காத வெள்ளை.
பெட்டியை மூடும் முன்
ரோமெலுக்கு ஒரு சீட்டு வைத்தேன்:

"கயிறு பரவாயில்லை.
பதினேழாவது துண்டு மட்டும் வீணாகிவிட்டது.
இந்த முறை சிக்கல் என்னுடையது.
மன்னிக்கவும்."